படையலில் சேராத பழம்

இன்சோன்
2006 ஜூன் 4

அன்புள்ள அண்ணனுக்கு,

போன் செய்தால் "யாரு?" என்கிறாய். நான்தான் என்று தெரிந்ததும் வைத்துவிடுகிறாய். இதுவரை நான்கு முறை ஆகிவிட்டது. கடிதத்தை அப்படி வைக்க முடியாது, கிழிக்கத்தான் முடியும். கிழிப்பதற்குள் இரண்டு வரியாவது கண்ணில் படும் என்று எழுதுகிறேன்.

கேட்க வேண்டியது ஒன்றுதான். அம்மாவின் இரண்டாம் வருஷத் திதி இந்த முறை ஜூலை பதிமூன்றில் வருகிறது. நான் வரலாமா?

போன வருஷம் நடந்ததில் என் தப்பை மறைக்கவில்லை. நீயும் சித்தப்பாவும் படையலை ஒழுங்காக அடுக்கியிருந்தீர்கள். சாதம், சூப், கருவாடு, பேரிக்காய், கொட்டைகள் எல்லாம் அதனதன் வரிசையில் இருந்தன. நீங்கள் கை கழுவ முற்றத்துக்குப் போன நேரம் பார்த்து, நான் என் கிண்ணத்தைச் சாதத்துக்குப் பக்கத்தில் வைத்தேன். பார்வைக்கு வெறும் தயிர்தான். ஆனால் சித்தப்பாவின் மூக்கு இருக்கிறதே. "என்னடா வாசனை இது? பீச் பழமா?" என்றார். நீ கிண்ணத்தை எடுத்து முற்றத்தில் வீசினாய். "அம்மாவ வாசல்லயே நிறுத்திட்டியேடி" என்றாய். காலுறையோடு பஸ் நிறுத்தம் வரை நடந்து போனேன். அண்ணிதான் பின்னாலேயே ஓடிவந்து செருப்பைக் கொடுத்தாள்.

பீச் இருக்கும் இடத்துக்கு ஆவி வராது என்பது எனக்கும் தெரியும். நானும் அதே வீட்டில்தான் வளர்ந்தேன். ஆனால் தோலை உரித்து, கொட்டையை எடுத்து, உறைய வைத்து, தயிரோடு அரைத்த பிறகும் அந்தப் பழத்துக்கு ஆவியை விரட்டுகிற தெம்பு இருக்கும் என்று நான் நினைக்கவில்லை. என் கணக்கு அவ்வளவுதான். அம்மா கடைசியாக ஆசைப்பட்டுச் சாப்பிட்டது அது ஒன்றுதான் அண்ணா.

பள்ளிக்கூடச் சமையலறையில் தினமும் அறுநூறு பிள்ளைகளுக்குச் சூப் கிண்டுகிறேன். கிண்டும்போதெல்லாம் நீ வாசலில் நின்று சொன்னதுதான் காதில் கேட்கிறது. லீவுக்கு முன்கூட்டியே எழுதிக் கொடுக்க வேண்டும். வா, வராதே, இரண்டில் ஒன்றை எழுது.

ஜோங்ரிம்


சோங்டோ
ஜூன் 13

ஜோங்ரிம்,

மழை இல்லை. முதல் பறிப்புக்கு இன்னும் மூன்று வாரம் இருக்கிறது. பழத்துக்கெல்லாம் காகித உறை போட்டு முடித்தாகிவிட்டது. உன் அண்ணிக்குத் தோள்பட்டை வலி.

வர வேண்டாம்.

சித்தப்பாவுக்கு இன்னும் மனசு ஆறவில்லை. ஏப்ரலில் பனி விழுந்து பூ கருகியதற்கும் அந்தக் கிண்ணம்தான் காரணம் என்று ஊர் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிகிறார். நான் அவ்வளவு தூரம் போகவில்லை. ஆனால் நம் அப்பா பீச் போட்டே நம் இருவரையும் வளர்த்தவர். அவரே ஓடைக்கு இந்தப் பக்கம், வீட்டை ஒட்டி, ஒரு கன்றுகூட நடவில்லை. முன்னோர் வந்து போகும் வழியை மறிக்கக் கூடாது என்பார். நீ அதைக் கொண்டுவந்து சாதத்துக்குப் பக்கத்திலேயே வைத்தாய்.

அது மட்டும் இல்லை. எழுதுவதா வேண்டாமா என்று ஒரு வாரம் யோசித்தேன். எழுதிவிடுகிறேன்.

அம்மா கடைசி நாற்பது நாளும் உன்னிடம் இருந்தாள். நான் வந்தது ஒரே ஒரு ஞாயிற்றுக்கிழமை. மூன்று பெட்டிப் பழத்தை நாலு மாடி தூக்கிக்கொண்டு வந்தேன். அம்மா சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். "இப்பத்தான் கண்ணசந்தாங்க, எழுப்பாத" என்று நீ சொன்னாய். அரை மணி நேரம் அவள் காலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்துவிட்டு பஸ் பிடித்தேன். மறு வாரம் நீ போன் செய்தபோது எல்லாம் முடிந்திருந்தது. நான் அப்போது மரத்து மேல் இருந்தேன்.

நாற்பது நாள் உனக்குக் கிடைத்தது. வருஷத்தில் ஒரு நாள் எனக்குக் கிடைக்கிறது, அன்றைக்கும் அவளை உள்ளே வரவிடாமல் செய்துவிட்டாய். எனக்கு ஆத்திரம் வராதா?

டல்ஹோ


இன்சோன்
ஜூன் 19

அண்ணா,

உன் கடிதத்தைச் சமையலறையின் பின்பக்கம், வெங்காய மூட்டை மேல் உட்கார்ந்து படித்தேன். கண்ணீருக்கு வெங்காயத்தின் மேல் பழி போட முடிந்தது. வராதே என்று சொல்லிவிட்டாய், சரி. ஆனால் அந்த நாற்பது நாளைப் பற்றிக் கேட்காமலே கோபப்படுகிறாய். கேட்டுவிட்டுக் கோபப்படு.

கீமோ கொடுத்த பத்தாம் நாள் அம்மாவின் வாய் முழுக்கப் புண். நாக்கு, உதடு, தொண்டை வரைக்கும். கஞ்சி கொடுத்தால் கையைத் தட்டிவிடுவாள். தண்ணீர்கூட எரிந்தது. நீ மார்க்கெட்டுக்குப் போகாத அடிபட்ட பழங்களை முதலில் ஒரு பெட்டி அனுப்பியிருந்தாய், நினைவிருக்கிறதா? ஒற்றை ஆளாக நான் எவ்வளவுதான் தின்பது. உரித்து, மெல்லிசாக நறுக்கி, தட்டில் பரப்பி ஃப்ரீசரில் போட்டுவைத்தேன். ஒரு மத்தியானம் வேறு வழி தெரியாமல் அதில் இரண்டு கை எடுத்து, ஒரு கை கெட்டித் தயிர், ஒரு கரண்டி தேன், ஒரு சிட்டிகை உப்பு போட்டு மிக்ஸியில் இரண்டு சுற்று விட்டேன். பனி மாதிரி வந்தது. உடனே ஒரு கரண்டி வாயில் வைத்தேன்.

அம்மா கண்ணை மூடிக்கொண்டாள். வலிக்கிறதோ என்று பயந்துவிட்டேன். கொஞ்ச நேரம் கழித்து, "இது எந்த மரம்டி?" என்றாள். மேட்டுப் பக்கத்து மரம் என்று சும்மா சொன்னேன். "பொய் சொல்லாத. இது ஓடையோரத்து மரம். அதுக்குத்தான் இந்தப் புளிப்பு. இன்னொரு வாய் குடு" என்றாள்.

அன்றிலிருந்து தினமும் மூன்று வேளை அதுதான். சாப்பிடச் சாப்பிட உன்னைப் பற்றியே பேச்சு. "டல்ஹோ இந்நேரம் ஏணிய எங்க போட்டிருப்பான்?" "அவன் தொப்பி போட்டுக்கிட்டானோ என்னவோ." நான் பக்கத்தில் உட்கார்ந்து ஊட்டிக்கொண்டிருப்பேன், பேச்சில் இருப்பவன் நீ. எனக்கு எரிச்சலாகக்கூட இருந்தது.

அண்ணனைக் கூப்பிடவா என்று எத்தனையோ தடவை கேட்டேன். "அவனக் கூப்பிடாத. பழம் நிக்காதுடி. நான் ரெண்டு வாரம் நிப்பேன்" என்றாள். அவள் சொன்னாள் என்பதால் கூப்பிடவில்லை. அது பாதி உண்மை. மீதியையும் எழுதிவிடுகிறேன், பிறகு நீ என்ன வேண்டுமானாலும் நினைத்துக்கொள். பிறந்ததிலிருந்து அம்மா உன் அம்மாவாகத்தான் இருந்தாள். முதல் முறையாக எனக்கு மட்டும் கிடைத்தாள். அதை உன்னோடு பங்கு போட எனக்கு மனசு வரவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை எழுப்பியிருக்கலாம். அவள் அப்படி ஒன்றும் ஆழ்ந்து தூங்கவில்லை. நீ படியிறங்கிப் போன பத்தாவது நிமிடம் கண்ணை விழித்து, "டல்ஹோ செருமின சத்தம் கேட்டுச்சே" என்றாள். கனவு என்று சொல்லிவிட்டேன். இதை யாரிடமும் நான் சொன்னதில்லை. கிண்ணத்துக்காக இல்லை, இதற்காக நீ என்னை வாசலில் நிறுத்தினால் நான் வாய் திறக்க மாட்டேன்.

ஜோங்ரிம்


சோங்டோ
ஜூன் 29

ஜோங்ரிம்,

ஒரு வாரமாகப் பேனாவை எடுப்பதும் வைப்பதுமாக இருந்தேன்.

செருமினது நான்தான். அவள் தானாக எழுந்துகொள்ள மாட்டாளா என்று வேண்டுமென்றே இரண்டு தடவை செருமினேன். கேட்டிருக்கிறது. அது போதும் என்று சொல்ல மாட்டேன், போதாது. ஆனால் கேட்டிருக்கிறது.

உன் மேல் கோபம் இருக்கிறது. நேரில் நின்றிருந்தால் என்ன பேசியிருப்பேனோ தெரியாது. கடிதமாக வந்ததே நல்லதாய்ப் போயிற்று. மாட்டுக் கொட்டகைக்குப் பின்னால் போய் அழுதேன். உன் அண்ணி பார்த்துவிட்டு, பார்க்காததுபோல் கோழிக்குத் தீனி போடப் போனாள்.

இன்னொரு விஷயம். உன் அண்ணி அந்தத் தயிரைச் செய்து பார்க்க வேண்டும் என்றாள். செய்தோம், சரியாக வரவில்லை. முதலில் பழுத்த ஒன்றிரண்டு பழத்தை நறுக்கித் தயிரில் போட்டு, பாத்திரத்தோடு ராத்திரி முழுக்க ஃப்ரீசரில் வைத்தோம். காலையில் பாறையாக இருந்தது. உளி கொண்டு உடைத்தேன். உடைந்த துண்டு உன் அண்ணியின் மூக்குக் கண்ணாடியில் பட்டது. இரண்டாம் தடவை மிக்ஸியில் போட்டு நன்றாக ஓட்டினேன், மோராகிவிட்டது. எங்கே தப்பு?

உன் அண்ணி என்று எழுதியது பொய். அவள் மிக்ஸி பக்கமே வரவில்லை. நான்தான் செய்தேன்.

அம்மா என்னத்தைச் சாப்பிட்டாள் என்று தெரிந்துகொள்ளத் தோன்றியது.

டல்ஹோ


இன்சோன்
ஜூலை 2

அண்ணா,

உளியா? அதைப் படித்துவிட்டுச் சிரித்த சிரிப்பில் பக்கத்து வீட்டுக்காரி கதவைத் தட்டிக் கேட்டாள். சென்ற வருஷத்துக்குப் பிறகு இப்படிச் சிரித்தது இதுதான் முதல் தடவை.

பழம் தனியாக உறைய வேண்டும், தயிர் உறையவே கூடாது. நீ இரண்டையும் கல்யாணம் செய்து ஃப்ரீசருக்கு அனுப்பிவிட்டாய், அதுதான் பாறையாயிற்று. பழத்தை உன் சுண்டுவிரல் கனத்துக்கு மேல் போகாமல் நறுக்கு. ஒன்றோடு ஒன்று ஒட்டாமல் தட்டில் பரப்பு. அது உறைவதற்கு எட்டு மணி நேரமாகும், அந்த நேரம் நீ எதுவும் செய்ய வேண்டியதில்லை. தயிரைத் துணியில் கட்டித் தொங்கவிட்டு நீரை வடித்துவிடு. பிறகு மிக்ஸியில் விட்டு விட்டுத்தான் ஓட்ட வேண்டும். நன்றாக ஓட்டினேன் என்கிறாய், அந்த மிக்ஸி டிராக்டரா? அங்கங்கே சின்னக் கட்டி தெரியும்போதே நிறுத்திவிடு. நிறுத்தியதும் சாப்பிட்டுவிட வேண்டும், காத்திருக்காது. உறைந்த பழம் கையில் இருந்தால் எல்லாம் ஐந்து நிமிட வேலை.

திதிக்கு வரட்டுமா என்று இனிமேல் கேட்க மாட்டேன். சித்தப்பாவுக்கு எழுபத்தெட்டு வயதாகிறது, அவர் கும்பிடும் இடத்தில் அவர் மனம் நோகக் கூடாது. ஆனால் ஒன்று சொல்லட்டுமா, கோபித்துக்கொள்ளாதே. பூண்டு கூடாது, மிளகாய் கூடாது, வாளை மீன் கூடாது, பீச் கூடாது. அம்மாவுக்குப் பிடித்ததை எல்லாம் தள்ளிவிட்டால் படையலில் மிச்சம் இருப்பது சித்தப்பாவுக்குப் பிடித்தவைதான்.

பதிமூன்றாம் தேதி வேலைக்குப் போய்விட்டு வந்து, இங்கேயே ஒரு கிண்ணம் செய்து வைத்துக்கொள்வேன். அம்மா இங்கே வர மாட்டாள், வழி தெரியாது. இருந்த நாற்பது நாளும் ஜன்னலைக் காட்டி, "இது எந்தத் திசைடி, நம்ம ஊரு எந்தப் பக்கம்?" என்றுதான் கேட்டுக்கொண்டிருந்தாள். அவள் வரப்போவது அந்த வீட்டுக்குத்தான். நீங்கள் எல்லோரும் அங்கே இருப்பீர்கள், நான் ஒருத்திதான் இங்கே இருப்பேன். எனக்கு அம்மாவைப் பார்க்க வேண்டும்போல் இருக்கிறது அண்ணா. உன்னையும்தான். அண்ணி வார்க்கும் அடையைக்கூட நினைத்துக்கொள்கிறேன், அவ்வளவு மோசமான அடையை யாரும் வார்க்க மாட்டார்கள் என்றாலும்.

ஜோங்ரிம்


சோங்டோ
ஜூலை 8

ஜோங்ரிம்,

முதல் பறிப்பு தொடங்கிவிட்டது. விடியற்காலை நாலு மணிக்கு ஏணி. இதை மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் எழுதுகிறேன், காகிதத்தில் பிசுபிசுப்பு இருந்தால் அது பழச்சாறு.

நேற்று நீ சொன்னபடியே செய்தேன். ஓடையோரத்து மரத்துப் பழம். சின்னக் கட்டி தெரிந்ததும் நிறுத்தினேன். சரியாக வந்தது.

கடிகாரத்தைப் பார்த்தேன். ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. அம்மாவுக்கு நீ செய்ததெல்லாம் பெரிய வைத்தியம், படித்த ஆட்கள் செய்கிற வேலை, நமக்குக் கைவராது என்று இத்தனை நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். பழம் பறிக்கிறவன் அங்கே வந்து என்ன கிழிக்கப்போகிறான் என்றுதான் அன்றைக்கு அரை மணி நேரத்தில் கிளம்பினேன். இதை நான் செய்திருக்கலாம். நாற்பது நாளில் ஒரே ஒரு நாள் வந்து ஒரு கிண்ணம் செய்து கொடுத்திருக்கலாம். கிண்ணத்தைக் கையில் வைத்துக்கொண்டு அடுப்படித் தரையில் உட்கார்ந்துவிட்டேன். உன் அண்ணி வந்து பார்த்தாள். நீ எழுதியதையும், சித்தப்பாவையும், திதியையும், எல்லாவற்றையும் அவளிடம் கொட்டினேன். பீச்சும் வைக்க முடியாது, வைக்காமலும் மனசு கேட்காது, என்ன செய்வது என்றேன்.

அவள் என் கையிலிருந்த கரண்டியை வாங்கி ஒரு வாய் சாப்பிட்டாள். பிறகு கேட்டாள்.

"ஏங்க, நான் இந்த வீட்டுக்கு வந்து இருபத்தி ரெண்டு வருஷமாச்சு. எத்தன திதி பாத்திருக்கேன். ஒரு தடவையாவது அத்தை படையல் வைக்கிற கூடத்துல நின்னு பாத்திருக்கீங்களா?"

யோசித்துப் பார்த்தேன். இல்லை.

"நீங்கல்லாம் வரிசையா நின்னு கும்பிடுவீங்க. நானும் அத்தையும் இங்கதான் அடுப்புக்கு முன்னாடி. மாமா ஒருவாட்டி கூப்பிட்டாருகூட, 'அட கருகிடும்'னுட்டு இந்த எடத்த விட்டு நகரல. இருந்த வரைக்கும் அடுப்படிய விட்டு வராதவங்க, செத்ததும் கூடத்துல போய் மாமா பக்கத்துல கால நீட்டி உக்காந்துக்குவாங்களாக்கும்? வந்தா பின்வாசல் வழியாத்தான் வருவாங்க. வந்ததும் நான் வாத்த அடையத்தான் பாத்து மூஞ்சியச் சுளிப்பாங்க."

அம்பது வயதுவரை அந்தக் கூடத்தில் குனிந்து எழுந்தவன் நான். எனக்குப் பின்னால், சுவருக்கு அந்தப் பக்கம், அம்மா நின்றிருக்கிறாள். போன வருஷமும் கூடத்து வாசலைத்தான் பார்த்துக்கொண்டு நின்றேன்.

சாயங்காலமே சித்தப்பாவிடம் போனேன். படையலில் எதுவும் மாறாது, எல்லாம் நீங்கள் சொல்கிறபடிதான், ஆனால் அடுப்படியில் ஜோங்ரிம் ஒரு கிண்ணம் வைப்பாள் என்றேன். அவர் வெகுநேரம் காதைக் குடைந்துகொண்டிருந்தார். "அடுப்படியில என்ன இருக்குன்னு நான் என்னைக்குடா எட்டிப் பாத்தேன்?" என்றார். அவரிடமிருந்து இதற்கு மேல் சம்மதம் கிடைக்காது, தெரியும் உனக்கு.

ஆகவே வா. லீவு கொடுக்கவில்லை என்றால் காய்ச்சல் என்று சொல். டேகு வரைக்கும் ரயிலில் வந்தால் அங்கிருந்து நான் வண்டியில் கூட்டிக்கொண்டு வருகிறேன். அங்கேயே செய்து எடுத்து வராதே, உருகிவிடும். பழத்தை நறுக்கி நேற்றே தட்டில் பரப்பிவிட்டேன். தயிரும் தேனும் இருக்கின்றன.

ஒன்று மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். மூத்த மகன் என்பதால் திதி முடியும்வரை நான் கூடத்தை விட்டு வர முடியாது. மது வார்க்க வேண்டும், குனிய வேண்டும், எழ வேண்டும். நான் அங்கே மாட்டிக்கொண்டிருக்கிற நேரத்தில்தான் அவள் அடுப்படிக்கு வருவாள். அதனால் இந்த முறையும் அம்மாவை நீதான் பார்த்துக்கொள்ள வேண்டும்.

உன் அண்ணன்
டல்ஹோ